நொபுவோ உவெமாட்சு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஃபைனல் ஃபேண்டஸி இசையைப் பற்றிப் பேச்செடுத்தால் போதும், நண்பர்களிடமிருந்து திரும்பத் திரும்ப அதே சந்தேகங்கள் வருகின்றன. கேட்டவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளை வைத்து, தெரிந்தவரை பதில் எழுதியிருக்கிறேன். வீடியோ கேம் பக்கமே போகாதவர்களும் படிக்கலாம், முதல் சில கேள்விகள் அவர்களுக்காகத்தான்.

யார் இவர்? கேம் ஆடாத எனக்கு இவரைத் தெரிந்திருக்கணுமா?

ஜப்பானிய இசையமைப்பாளர். 1959 மார்ச் 21 அன்று ஷிகோகு தீவில் உள்ள கோச்சி நகரில் பிறந்தவர். ஃபைனல் ஃபேண்டஸி என்ற கேம் வரிசையின் முதல் ஒன்பது பாகங்களுக்கும், அதாவது 1987 முதல் 2000 வரை, தனி ஆளாக இசையமைத்தார். அதற்குப் பிறகும் அந்த வரிசையோடு அவருக்கு உறவு விட்டுப்போகவில்லை.

தெரிந்திருக்கணும் என்று கட்டாயம் ஒன்றும் இல்லை. ஆனால் கேமையே தொட்டிராத பலர் இவர் இசையைக் கேட்கிறார்கள். பிரிட்டனின் கிளாசிக் எஃப்எம் வானொலி ஒவ்வொரு ஆண்டும் நேயர்களிடம் வாக்கெடுத்து ஒரு பட்டியல் போடும். 2013 பட்டியலில் ஃபைனல் ஃபேண்டஸி இசை மூன்றாம் இடத்தில் இருந்தது. மேற்கத்திய சாஸ்திரிய இசையின் பெரிய தலைகளுக்கு நடுவில் ஒரு கேம் இசை. அங்கே சிலர் முகம் சுளித்தார்கள் என்பதும் உண்மை.

எந்த இசைக் கல்லூரியில் படித்தார்?

எதிலும் இல்லை. பத்துப் பன்னிரண்டு வயதில் தானாகவே பியானோவைத் தட்டக் கற்றுக்கொண்டவர். எல்டன் ஜானைக் கேட்டு மயங்கிப்போன பையன். கனகாவா பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றார், ஆனால் இசையில் அல்ல. பீட்டில்ஸ், எமர்சன் லேக் அண்ட் பால்மர் மாதிரியான ராக் குழுக்கள்தான் அவருடைய உண்மையான வகுப்பறை. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வரும் பல கேள்விகளுக்குப் பதில் இங்கேதான் இருக்கிறது.

அப்புறம் கேம் கம்பெனிக்குள் எப்படி நுழைந்தார்?

டோக்கியோவில் இசைத்தட்டு வாடகைக் கடை ஒன்றில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே வந்துபோன, ஸ்கொயர் நிறுவனத்தில் வேலை செய்த ஒருவர், எங்கள் கேமுக்கு இசை போட்டுத் தர முடியுமா என்று கேட்டார். பகுதிநேர வேலை என்று நினைத்துத்தான் ஒப்புக்கொண்டார். 1986-இல் ஸ்கொயரில் சேர்ந்தார். அங்கே ஹிரோனோபு சகாகுச்சி என்ற இயக்குநரோடு கைகோத்தார். இருவரும் சேர்ந்து கொடுத்த கேம்தான் 1987 டிசம்பர் 18-இல் வெளியான முதல் ஃபைனல் ஃபேண்டஸி.

‘ஃபைனல்’ என்று பெயர் வைத்துவிட்டு எப்படி பதினாறு பாகம் எடுத்தார்கள்?

ஸ்கொயர் அப்போது பணத்தட்டுப்பாட்டில் இருந்தது, இது ஓடாவிட்டால் கதை முடிந்தது என்ற நிலை, அதனால்தான் அந்தப் பெயர் என்பார்கள். எஃப் எழுத்து இரண்டு வரவேண்டும் என்பதுதான் காரணம், வேறு சொல்லாகக்கூட இருந்திருக்கலாம் என்று சகாகுச்சி பின்னாளில் சொன்னார். எது எப்படியோ, ஓடிவிட்டது. ஒவ்வொரு பாகமும் வேறு கதை, வேறு உலகம். எண் வரிசைப்படி ஆட வேண்டியதில்லை, கேட்கவும் வேண்டியதில்லை.

பழைய கேம் பாட்டெல்லாம் ஏன் ‘பீப் பீப்’ என்று இருக்கிறது? நல்ல வாத்தியம் வைத்து ரெக்கார்ட் செய்திருக்கலாமே?

ரெக்கார்ட் செய்து எங்கே வைப்பது? முதல் ஃபைனல் ஃபேண்டஸி கேட்ரிட்ஜின் (கேமை அடக்கி, கருவியில் செருகும் சின்னப் பெட்டி) கொள்ளளவு மொத்தம் 256 கிலோபைட். கதை, படங்கள், வரைபடம், சண்டைக் கணக்கு, இசை எல்லாமே அதற்குள் அடங்க வேண்டும். இன்று கைபேசியில் எடுக்கும் ஒரு படம் அதைவிடப் பல மடங்கு பெரிது. அதனால் அந்தக் காலத்தில் பாட்டை ஒலியாகச் சேமிக்க முடியாது. எந்தச் சுரம், எவ்வளவு நேரம் என்ற குறிப்பை மட்டும் எழுதிவைப்பார்கள். ஃபேமிகாம் என்ற நின்டெண்டோ கேம் கருவியில் உள்ள சிப் அதைப் பார்த்து அந்தந்த நேரத்தில் வாசிக்கும்.

அந்தச் சிப்பில் மெட்டு வாசிக்க உதவும் தடங்கள் மூன்றுதான். சதுர அலை இரண்டு, முக்கோண அலை ஒன்று. முக்கோண அலைக்குச் சத்தத்தைக் கூட்டிக் குறைக்கும் வசதிகூடக் கிடையாது. அதனால் பெரும்பாலும் அதை பேஸ் கிதார் இடத்தில் வைத்துவிடுவார்கள். தாளத்துக்கு இரைச்சல் தடம் ஒன்று. குறைந்த தரத்தில் பதிவு செய்த துண்டு ஒலிகளுக்கு இன்னொன்று. ஒரு தடத்தில் ஒரு நேரத்தில் ஒரு சுரம்தான் ஒலிக்கும். கேமில் கத்தி வீசினாலோ கதவு திறந்தாலோ அந்த ஒலிக்கும் இதே தடங்களில் ஒன்றைத்தான் பிடுங்கிக்கொள்ள வேண்டும்.

இப்போது இந்த வரிசையின் எல்லா ரசிகருக்கும் தெரிந்த அந்த ‘பிரிலூட்’ பாட்டை நினைத்துப்பாருங்கள். சுரங்கள் மளமளவென்று ஏறி, அப்படியே இறங்கும். வேறு ஒன்றும் இல்லை. ஒரு சேரச் சுரங்களை அடுக்க வழியில்லாத இடத்தில், அவற்றை ஒன்றன்பின் ஒன்றாக வேகமாக ஓடவிட்டால் காது தானே அவற்றைச் சேர்த்துக்கொள்ளும். கடைசி நேரத்தில் இன்னொரு பாட்டு வேண்டும் என்று சகாகுச்சி கேட்க, சில நிமிடங்களில் எழுதிக் கொடுத்தது அது என்று உவெமாட்சுவே சொல்லியிருக்கிறார். முப்பது ஆண்டுகளுக்கு மேலாகியும் அது ஒலித்துக்கொண்டிருக்கிறது.

கேமுக்கு இசை போடுவதும் சினிமாவுக்குப் பின்னணி இசை போடுவதும் ஒன்றுதானே?

இல்லை. சினிமாவில் ஒரு காட்சி இரண்டு நிமிடம் பத்து நொடி என்றால் அவ்வளவுதான். கேமில் ஆடுகிறவர் ஓர் ஊருக்குள் நுழைந்து அரை நிமிடத்தில் வெளியேறலாம், அல்லது இரண்டு மணி நேரம் சுற்றலாம். இசை எவ்வளவு நேரம் தேவைப்படும் என்று யாருக்கும் தெரியாது. அதனால் ஒன்றிரண்டு நிமிடப் பாட்டை எழுதி, முடிகிற இடம் தொடக்கத்தோடு ஒட்டுமாறு லூப்பாகச் சுற்றவிடுவார்கள். சண்டை இசையின் நிலைமை இன்னும் மோசம். நாலடி எடுத்து வைத்தால் ஓர் எதிரி வந்து நிற்பான். ஒரே பாட்டை நூற்றுக்கணக்கான தடவை கேட்டாலும் ஆளுக்கு எரிச்சல் வரக்கூடாது. இதைவிடக் கடுமையான தேர்வு ஒரு மெட்டுக்கு இல்லை என்பது என் எண்ணம்.

அதே சமயம், சினிமாவில் செய்ய முடியாத சிலதும் இங்கே முடியும். ஏழாம் பாகத்தில் ஏரித் என்ற பெண் கொல்லப்படுகிறாள் (1997-இல் வந்த கேம், இதை இன்னும் ரகசியமாக வைக்க முடியாது). அவளுக்கான மெட்டு தொடங்குகிறது. உடனே ஒரு பெரிய சண்டை வந்துவிடுகிறது. வழக்கமாக அந்த இடத்தில் அதிரடி இசைக்கு மாறும். இங்கே மாறாது. நாம் பொத்தானை அழுத்திச் சண்டை போட்டுக்கொண்டே இருக்கிறோம், பின்னால் அந்த மெல்லிய மெட்டு போய்க்கொண்டே இருக்கிறது. அந்த இடத்தில் அழுதவர்கள் ஏராளம்.

சூப்பர் ஃபேமிகாம் வந்த பிறகு என்ன மாறியது?

ஃபேமிகாமுக்கு அடுத்து வந்த கருவி அது. தடங்கள் எட்டாயின. உண்மையான வாத்திய ஒலியின் சிறு துண்டுகளைப் பயன்படுத்த முடிந்தது. ஆனால் அத்தனை துண்டுகளும் 64 கிலோபைட் நினைவகத்துக்குள் இருக்க வேண்டும். 1991-இல் நான்காம் பாகம் இதில்தான் வந்தது. அதன் காதல் மெட்டு ஜப்பானியப் பள்ளி இசைப் பாடப்புத்தகத்தில் இடம்பெற்றது. அதே பாகத்தின் பாடல்களை அயர்லாந்து இசைக்கலைஞர்கள் வாசித்து ஒரு தனி ஆல்பமும் வந்தது. ஃபிடிலும் புல்லாங்குழலும் அந்த மெட்டுகளுக்கு அவ்வளவு பொருத்தமாக இருக்கின்றன.

ஆனால் அந்தக் கருவியில் இவர் செய்த உச்சம் 1994-இல் வந்த ஆறாம் பாகம். நடுவில் ஓர் ஓபரா காட்சி வரும். கதாநாயகிகளில் ஒருத்தி மேடையேறிப் பாட வேண்டும். வரிகளை நினைவில் வைத்து ஆடுகிறவர்தான் சரியான அடியைத் தேர்ந்தெடுக்க வேண்டும். கருவிக்கோ சொல் பாடும் சக்தி கிடையாது. அதனால் குரல் போன்ற ஓர் ஒலி மெட்டை இழுக்க, வரிகள் திரையில் எழுத்தாக ஓடும். கேட்டால் கொஞ்சம் சிரிப்பு வரும், முதல் முப்பது நொடிக்கு மட்டும். இதே பாகத்தின் கடைசிச் சண்டைக்கான ‘டான்சிங் மேட்’ நான்கு பகுதிகளாக, முழுதாகக் கேட்டால் சுமார் பதினேழு நிமிடம் ஓடும். பைப் ஆர்கன், கோரஸ், ராக் எல்லாம் ஒன்றுக்குள் ஒன்று. மேலே சொன்ன ராக் குழுக்களின் பாதிப்பை இங்கே அப்பட்டமாகக் கேட்கலாம்.

மாரியோ பாட்டும் டிராகன் குவெஸ்ட் பாட்டும் இவர்தானே?

இல்லை, இது ரொம்ப சாதாரணமாக நடக்கும் குழப்பம். மாரியோவும் செல்டாவும் நின்டெண்டோவின் கோஜி கோண்டோ. டிராகன் குவெஸ்ட் கொய்ச்சி சுகியாமா. அவர் ஏற்கெனவே தொலைக்காட்சி, விளம்பர இசையில் பெயர் வாங்கிவிட்டு ஐம்பது வயதைத் தாண்டிய பிறகு கேமுக்கு வந்தவர், 2021-இல் காலமானார். கிங்டம் ஹார்ட்ஸ் யோகோ ஷிமோமுரா.

குழப்பத்துக்கு ஓரளவு நியாயம் உள்ளது க்ரோனோ ட்ரிகர் விஷயத்தில்தான். 1995-இல் வந்த அந்த கேமின் இசை பெரும்பாலும் யசுனோரி மிட்சுடா என்ற இளைஞருடையது. வேலைப்பளுவில் வயிற்றுப்புண் வந்து அவர் படுத்துவிட, மீதியில் ஒரு பகுதியை உவெமாட்சு முடித்துக்கொடுத்தார்.

‘ஒன் விங்ட் ஏஞ்சல்’ என்று எல்லாரும் குதிக்கிறார்களே, அதில் அப்படி என்ன?

ஏழாம் பாகத்தின் வில்லன் செஃபிரோத்துடன் நடக்கும் கடைசிச் சண்டைக்கான இசை. ஃபைனல் ஃபேண்டஸியில் உண்மையான மனிதக் குரல்கள் சொற்களோடு பாடியது அதில்தான் முதல்முறை. வரிகள் லத்தீன், பெரும்பகுதி கார்மினா புரானா என்ற இடைக்காலக் கவிதைத் தொகுப்பிலிருந்து எடுத்தவை.

எழுதிய விதம்தான் விசேஷம். வழக்கமாக ஒரு மெட்டைப் பிடித்து அதை வளர்ப்பார்கள். இவர் தினமும் தோன்றிய சின்னச் சின்ன இசைத் துணுக்குகளை, ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாமல், இரண்டு வாரம் போல எழுதிக் குவித்தார். பிறகு எதை எதற்குப் பின்னால் வைத்தால் நன்றாயிருக்கும் என்று அடுக்கி ஒட்டினார். ஸ்ட்ராவின்ஸ்கியின் ‘ரைட் ஆஃப் ஸ்பிரிங்’ ஒரு தூண்டுதல், ஜிமி ஹெண்ட்ரிக்ஸின் ‘பர்ப்பிள் ஹேஸ்’ இன்னொன்று. கேட்கும்போது தரை நழுவிக்கொண்டே இருக்கிற மாதிரி ஓர் உணர்வு வருகிறதல்லவா, அதற்கு இந்த ஒட்டுவேலையும் ஒரு காரணம். இசைக் கல்லூரியில் இப்படிச் செய்திருந்தால் வாத்தியார் தாளைத் திருப்பிக் கொடுத்திருப்பார்.

ப்ளேஸ்டேஷன் சிடியில் இடம் தாராளமாக இருந்ததே! ஏழாம் பாகத்தில் ஏன் நிஜ ஆர்கெஸ்ட்ரா இல்லை?

இடம் இருந்தது, நேரம் இல்லை. சிடியிலிருந்து இசையை நேரடியாக ஓடவிட்டால், அதே நேரத்தில் படங்களையும் மற்ற தகவல்களையும் படிக்க வேண்டிய லேசர் திண்டாடும். ஆடுகிறவர் ஒவ்வொரு திரைக்கும் காத்திருக்க நேரிடும். அதனால் கருவியின் உள்சிப்பையே பயன்படுத்தினார். இப்போது 24 தடங்கள், 512 கிலோபைட் ஒலி நினைவகம். ஒன்றிரண்டு பாட்டு மட்டும் ஸ்டூடியோ தரத்தில் ஒலித்தால் மற்றவை மட்டமாகத் தெரியும் என்ற தயக்கமும் இருந்தது. அந்த விதியை அவரே மீறியது முந்தைய பதிலில் சொன்ன கடைசிச் சண்டைக்காக.

ஆர்கெஸ்ட்ரா கச்சேரிகளில் வாசிக்கிறார்களே, அந்த ஸ்கோரை எல்லாம் இவர்தான் எழுதினாரா?

பெரும்பாலும் இல்லை. இதைச் சொன்னால் சிலருக்குக் கோபம் வருகிறது. மெட்டு, அதன் கூட்டுச் சுரங்கள், பாட்டின் கட்டமைப்பு இவருடையவை. எந்த வரியை வயலின் வாசிக்க வேண்டும், எங்கே ஹார்ன் நுழைய வேண்டும் என்று முழு ஆர்கெஸ்ட்ராவுக்கு எழுதியது வேறு ஆட்கள். எட்டாம் பாகத்தின் தொடக்கப் பாட்டான ‘லிபேரி ஃபாட்டாலி’யின் பிரம்மாண்டத்தில் ஷிரோ ஹமாகுச்சி என்ற அரேஞ்சருக்குப் பெரிய பங்கு உண்டு. ரசிகர்கள் அவர் பெயரைச் சொல்வதே இல்லை, அது அநியாயம்.

இதனால் உவெமாட்சு குறைந்துபோகிறாரா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. அவரிடம் இருப்பது மெட்டு. மூன்று தடத்தில் நின்ற மெட்டு என்பதால்தான் எண்பது பேர் வாசித்தாலும் நிற்கிறது, ஒற்றைப் பியானோவில் வாசித்தாலும் நிற்கிறது. சோகோபோ என்ற மஞ்சள் பறவைக்கு இரண்டாம் பாகத்தில் போட்ட துள்ளல் மெட்டை, ஐந்தாம் பாகத்தில் மாம்போவாக மாற்றினார், ஆறாம் பாகத்தில் டெக்னோவாக. பறவை அதேதான் என்று குழந்தைகூடச் சொல்லிவிடும்.

சினிமாப் பாட்டு மாதிரி ஏதாவது ஹிட் கொடுத்திருக்கிறாரா?

1999-இல் எட்டாம் பாகத்துக்காக எழுதிய ‘ஐஸ் ஆன் மீ’. பாடியவர் சீன மொழிப் பாடல் உலகின் பெரிய நட்சத்திரமான ஃபே வோங். ஜப்பானில் அந்த சிங்கிள் 5 லட்சத்துக்கும் மேல் விற்றது. ஜப்பான் கோல்ட் டிஸ்க் விருதும் கிடைத்தது. ஒரு கேம் பாட்டுக்கு அந்த விருது அதுவே முதல்முறை. உண்மையைச் சொன்னால் இவர் எழுதியதில் எனக்கு அவ்வளவாகப் பிடிக்காத பாட்டு இது. நன்றாக இருக்கிறது, ஆனால் வேறு யாரும்கூட எழுதியிருக்கலாம் போலிருக்கிறது.

ஒலிம்பிக்கில் இவர் பாட்டைப் போட்டார்கள் என்பது உண்மையா, வாட்ஸ்அப் கதையா?

உண்மைதான், இரண்டு முறை. 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் இசைக்கேற்ற நீச்சல் போட்டியில் அமெரிக்க ஜோடி ‘லிபேரி ஃபாட்டாலி’க்கு ஆடி வெண்கலம் வென்றது. 2021-இல் டோக்கியோ ஒலிம்பிக் தொடக்க விழாவில் நாடுகள் அணிவகுத்து வந்தபோது முழுக்கக் கேம் இசைதான். அதில் ஃபைனல் ஃபேண்டஸியின் வெற்றி முழக்கமும் தலைப்பு இசையும் ஒலித்தன. சண்டை முடிந்தால் வரும் அந்தச் சில நொடி முழக்கம் ஒரு நாட்டு அணிக்கு ஒலிப்பதைக் கேட்க வேடிக்கையாகத்தான் இருந்தது.

இவ்வளவு பெயர் வாங்கிய பிறகு ஏன் 2004-இல் வேலையை விட்டார்? சண்டையா?

சண்டை இல்லை. 2003-இல் ஸ்கொயரும் எனிக்ஸ் என்ற இன்னொரு கேம் நிறுவனமும் இணைந்து ஸ்கொயர் எனிக்ஸ் ஆனது. அலுவலகம் டோக்கியோவுக்குள்ளேயே மெகுரோவிலிருந்து ஷின்ஜுகுவுக்கு மாறியது. புது இடம் தனக்கு ஒத்துவரவில்லை என்பது அவர் சொன்ன காரணங்களில் ஒன்று. நம்மில் பலரும் இதற்காக வேலையை விட நினைத்திருப்போம், அவர் நிஜமாகவே விட்டுவிட்டார். இந்த வயதில் வாழ்க்கையைத் தன் கையில் எடுத்துக்கொள்ள வேண்டும் என்றும் சொன்னார். வயது 45. ஸ்மைல் ப்ளீஸ் என்று சொந்த நிறுவனம், பிறகு டாக் இயர் ரெக்கார்ட்ஸ் என்ற இசைத்தட்டு நிறுவனம்.

அதன் பிறகு வந்தது சுதந்திரக் கலைஞரின் காலம். சகாகுச்சியும் வெளியே வந்து மிஸ்ட்வாக்கர் என்ற நிறுவனம் தொடங்கியிருந்தார். அவருக்காக ப்ளூ டிராகன் (2006), லாஸ்ட் ஒடிசி (2007), தி லாஸ்ட் ஸ்டோரி (2011). நின்டெண்டோவின் சூப்பர் ஸ்மாஷ் பிரதர்ஸ் பிராலுக்கு (2008) ஒரு லத்தீன் தலைப்புப் பாட்டு. கேட்க ஆளில்லாமல் போன நல்ல இசை லாஸ்ட் ஒடிசியில்தான் அதிகம் கிடக்கிறது.

அப்படியானால் பழைய பாட்டுகளின் ராயல்டி இவருக்குத்தானே வரும்?

இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். அந்தப் பாட்டுகளை எழுதியபோது அவர் மாதச் சம்பள ஊழியர். ஊழியர் தன் பணியின் பகுதியாக உருவாக்குவது, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், நிறுவனத்துக்கே உரியது என்பது ஜப்பானியப் பதிப்புரிமைச் சட்டத்தின் பொது விதி. ஃபைனல் ஃபேண்டஸி இசைத்தட்டுகளை வெளியிடுவதும் கச்சேரிகளுக்கு அனுமதி தருவதும் ஸ்கொயர் எனிக்ஸ்தான். அவர் நிறுவனத்தை விட்டார், மெட்டுகள் அங்கேயே இருந்துவிட்டன.

தன் சண்டைப் பாட்டுகளை ராக்காக வாசிக்க அவர் சக ஊழியர்களோடு தொடங்கிய ‘தி பிளாக் மேஜஸ்’ குழு 2010-இல் கலைந்தது. அடுத்து ‘எர்த்பவுண்ட் பாப்பாஸ்’ என்று சொந்தக் குழு வைத்துக்கொண்டார்.

விட்டுப் போன பிறகு ஃபைனல் ஃபேண்டஸிக்கு இசை யார்?

விட்டுப் போவதற்கு முன்பே மாற்றம் தொடங்கிவிட்டது. பத்தாம் பாகத்தில் (2001) மசாஷி ஹமாவுசு, ஜுன்யா நகானோ இருவரும் சேர்ந்துகொண்டார்கள். பன்னிரண்டு ஹிதோஷி சகிமோட்டோ, பதிமூன்று ஹமாவுசு, பதினைந்து ஷிமோமுரா, பதினாறு மசாயோஷி சோக்கன். நடுவில் 2010-இல் வந்த பதினான்காம் பாகத்தின் முதல் வடிவத்துக்கு உவெமாட்சு திரும்பி வந்தார். அந்த கேம் படுதோல்வி, மொத்தமாகக் கலைத்துவிட்டுப் புதிதாகக் கட்டினார்கள். இசை மேல் யாரும் குறை சொல்லவில்லை.

ஓய்வு பெற்றுவிட்டார் என்கிறார்களே?

2018 செப்டம்பரில் உடல்நிலை காரணமாக வேலையை நிறுத்தினார், அடுத்த ஆண்டு திரும்பினார். 2021-இல் சகாகுச்சியின் ஃபேண்டேசியன் என்ற கேமுக்கு இசையமைத்தபோது, ஒரு முழு கேமுக்கும் தானே இசையமைப்பது இதுவே கடைசியாக இருக்கலாம் என்றார். ஆனால் தனிப்பாட்டுகள் வருகின்றன. ஏழாம் பாகத்தின் மறு உருவாக்கத்துக்கு ‘ஹாலோ’ (2020), அதன் தொடர்ச்சிக்கு ‘நோ ப்ராமிசஸ் டு கீப்’ (2024).

சரி, கேமே ஆடாமல் கேட்க ஆரம்பிக்கணும் என்றால் எங்கிருந்து?

நேராக ஆர்கெஸ்ட்ரா பதிவுகளுக்குப் போகாதீர்கள் என்பேன், பலரும் இதற்கு மாறாகத்தான் சொல்வார்கள். ஆறாம் பாகத்தின் அசல் ஒலித்தடத்தில் டெர்ரா என்ற பெண்ணின் மெட்டை முதலில் கேளுங்கள். அப்புறம் அதே மெட்டின் ஆர்கெஸ்ட்ரா வடிவம். அப்போதுதான் யார் என்ன செய்தார்கள் என்பது தெரியும். அடுத்தது ஒன்பதாம் பாகம். தன் வேலைகளில் தனக்குப் பிடித்தது அதுதான் என்று அவரே சொல்லியிருக்கிறார். அதற்காக ஐரோப்பாவின் பழைய ஊர்களைப் போய்ப் பார்த்துவிட்டு வந்து எழுதினார்.

ஏழாம் பாகத்தின் அசல் தொகுப்பு நான்கு வட்டு, 85 பாட்டு. அதை ஒரே மூச்சில் கேட்க வேண்டாம். ஏரித் மெட்டைக் கேட்டுவிட்டு நிறுத்துங்கள், மற்றதை கேம் ஆடும்போது பார்த்துக்கொள்ளலாம். ஸ்ட்ரீமிங் செயலிகளில் எல்லாம் கிடைக்கிறது. ரசிகர்கள் போட்ட கவர் பதிவுகளும் அதே பெயரில் வந்து நிற்கும். கலைஞர் பெயர் பார்த்து அழுத்துங்கள்.